லண்டனில் தெரியாத நட்சத்திரக் கூட்டம் திண்டுக்கல்லில் தெரியும்: எப்படி? கண்டுபிடித்தது யார்?

ஆண்டு 1677. ஆக்ஸ்ஃபோர்டு படிப்பைப் பாதியில் விட்டுவிட்டு, கப்பல் ஏறி, அட்லாண்டிக் கடலின் நடுவே உள்ள செயின்ட் ஹெலினா தீவுக்கு வந்திருந்தார் எட்மண்ட் ஹாலி. அப்போது அவருக்கு வயது 20. இங்கிலாந்தில் இருந்து பார்க்கவே முடியாத தெற்கு வானத்தை வரைபடமாக்குவதுதான் அவரது வேலை. அங்கே அவர் பதிவு செய்த ஒன்றுதான் 'ஒமேகா சென்டாரி'. நட்சத்திரம் போலப் புள்ளியாக இல்லாமல், பஞ்சுத் துகள் மாதிரி மங்கலாகத் தெரிந்தது.

ஹாலி கடல் கடந்து போய்ப் பார்த்த அதே ஒமேகா சென்டாரி, திண்டுக்கல் சமவெளியில் மே மாத இரவில் மொட்டை மாடியில் நின்றாலே தெரியும். டெலஸ்கோப் கூடத் தேவையில்லை.

திண்டுக்கல்லுக்கு மட்டும் என்ன ஸ்பெஷல்?

திண்டுக்கல் நிலநடுக்கோட்டுக்கு வடக்கே சுமார் 10 டிகிரியில் இருக்கிறது. லண்டன் 51 டிகிரியில். வடக்கே போகப் போகத் தெற்கு வானம் அடிவானத்துக்குக் கீழே மறைந்துகொண்டே போகும். அதனால் லண்டனில் ஒமேகா சென்டாரி உதிப்பதே இல்லை. திண்டுக்கல்லிலோ தெற்கே சுமார் 32 டிகிரி உயரம் வரை ஏறுகிறது. கையை நீட்டி முஷ்டி மடக்கினால் அது வானத்தில் ஏறக்குறைய 10 டிகிரி. அப்படி மூன்று முஷ்டி உயரம்.

மே மாதம் நடுவில் இரவு 10 மணி வாக்கில் தெற்கே பாருங்கள். தாழ்வாகத் தென்சிலுவை தெரியும். அதற்கு மேலே, சற்று இடது பக்கம், கலங்கிய புள்ளியாக இருப்பதுதான் ஒமேகா சென்டாரி.

நட்சத்திரக் கொத்து வேறு, கேலக்ஸி வேறா?

ஆமாம். ஒரே மேகத்தில் சேர்ந்து பிறந்த சில நூறு, சில ஆயிரம் நட்சத்திரங்களின் கூட்டம் 'திறந்த கொத்து'. நம்ம ஊரில் எல்லோருக்கும் தெரிந்த கார்த்திகை இந்த வகை. தூரம் சுமார் 440 ஒளியாண்டு. வயது சுமார் 10 கோடி ஆண்டு. அதாவது, பூமியில் டைனோசர்கள் நடமாடிய காலத்தில் பிறந்த நட்சத்திரங்கள் அவை. வெறுங்கண்ணுக்கு ஆறோ ஏழோதான் தெரியும். 1610-ல் கலிலியோ தொலைநோக்கியில் பார்த்து 36 நட்சத்திரங்களை வரைந்தார். இன்றைய கணக்கில் ஆயிரத்துக்கும் மேல்.

லட்சக்கணக்கான பழைய நட்சத்திரங்கள் பந்து போல நெருங்கி இருந்தால் 'கோளக் கொத்து'. ஒமேகா சென்டாரி அப்படிப்பட்டது. சுமார் 1 கோடி நட்சத்திரங்கள், தூரம் சுமார் 17,000 ஒளியாண்டு.

இந்த இரண்டு வகையும் நம் பால்வீதிக்குள் இருப்பவை. பால்வீதி போலப் பல்லாயிரம் கோடி நட்சத்திரங்கள் கொண்ட தனி உலகம்தான் கேலக்ஸி.

இதை எப்போது கண்டுபிடித்தார்கள்?

ஆண்ட்ரோமெடா கேலக்ஸியைப் பாரசீக வானியலாளர் அல்-சூஃபி 964-லேயே 'சிறு மேகம்' என்று எழுதி வைத்துவிட்டார். ஆனால் அது நமக்குப் பக்கத்திலா, ரொம்ப தூரத்திலா என்பது தெரிய மேலும் 950 ஆண்டுக்கு மேல் ஆனது.

வழி காட்டியவர் அமெரிக்காவின் ஹென்ரியேட்டா லெவிட். சிறிய மெகல்லன் மேகத்தில் உள்ள, வெளிச்சம் கூடிக் குறையும் 25 நட்சத்திரங்களை ஆராய்ந்து, மெதுவாகத் துடிக்கும் நட்சத்திரத்துக்கு நிஜமான ஒளி அதிகம் என்று 1912-ல் காட்டினார். நிஜ ஒளி தெரிந்தால், கண்ணுக்கு எவ்வளவு மங்கலாகத் தெரிகிறது என்பதை வைத்து தூரத்தைக் கணக்குப் போடலாம். இதே முறையில்தான், 1923-ல் ஆண்ட்ரோமெடாவில் அப்படி ஒரு நட்சத்திரத்தைப் பிடித்த எட்வின் ஹபிள், அது பால்வீதிக்கு வெளியே இருக்கும் தனி கேலக்ஸி என்று நிரூபித்தார். இன்றைய அளவீட்டில் அதன் தூரம் சுமார் 25 லட்சம் ஒளியாண்டு.

இதில் தமிழ்நாட்டின் பங்கு என்ன?

1689 டிசம்பரில் புதுச்சேரியில் ஒரு வால்நட்சத்திரத்தைப் பார்த்துக்கொண்டிருந்த ஷான் ரிஷோ என்ற பிரெஞ்சுப் பாதிரியார், ஆல்ஃபா சென்டாரி ஒன்றல்ல, இரட்டை நட்சத்திரம் என்று கண்டறிந்தார். தென்சிலுவைக்கு இடது பக்கம் பளிச்சென்று தெரிவது அதுதான்.

சென்னை நுங்கம்பாக்கத்தில் 1792-ல் அமைந்த மெட்ராஸ் வானாய்வகத்தில் சுமார் 11,000 நட்சத்திரங்களின் பட்டியல் தயாரானது. அங்கே உதவியாளராக வேலை பார்த்த சிந்தாமணி ரகுநாதாச்சாரி, 1867-ல் தெற்கு வானத்தில் 'ஆர் ரெட்டிகுலி' என்ற மாறும் நட்சத்திரத்தைக் கண்டறிந்தார்.

அப்புறம் ஏன் கொடைக்கானல்?

காரணம், பஞ்சம். 1876 முதல் 1878 வரை சென்னை மாகாணத்தில் லட்சக்கணக்கானோர் பசியால் இறந்தார்கள். சூரியனில் நடக்கும் மாற்றத்துக்கும் மழை பொய்ப்பதற்கும் தொடர்பு இருக்குமோ என்ற கேள்வி எழுந்தது. சூரியனைத் தொடர்ந்து கவனிக்க வேண்டும் என்று பஞ்ச விசாரணை ஆணையம் பரிந்துரைத்தது. அதன் தொடர்ச்சியாகவே 1899-ல் வானியல் பணி சென்னையில் இருந்து, இன்றைய திண்டுக்கல் மாவட்டத்தில் உள்ள கொடைக்கானல் மலைக்கு மாறியது. உயரம் சுமார் 2,343 மீட்டர். சூரியக் கரும்புள்ளியில் வாயு வெளிநோக்கிப் பாய்வதை ஜான் எவர்ஷெட் 1909-ல் கண்டறிந்தது இங்கேதான்.

சூரியனுக்குக் கொடைக்கானல் சரி. ஆனால் கொத்துகளையும் கேலக்ஸிகளையும் ஆராய மேகம் குறைந்த இரவுகள் வேண்டும். 1960-ல் கொடைக்கானல் ஆய்வக இயக்குநரான வைணு பாப்பு, புது இடம் தேடி ஜவ்வாது மலையில் உள்ள காவலூரைத் தேர்ந்தெடுத்தார். வடக்கு வானம், தெற்கு வானம் இரண்டும் தெரியும் என்பது முக்கியக் காரணம். 1968-ல் 38 செ.மீ. தொலைநோக்கியுடன் வேலை தொடங்கியது. அவர் 1982-ல் காலமானார். அவர் திட்டமிட்ட 2.34 மீட்டர் தொலைநோக்கி 1986-ல் அவர் பெயரிலேயே திறக்கப்பட்டது.

இந்தியாவின் தேடல் அதோடு நிற்கவில்லை. சுமார் 400 கோடி ஒளியாண்டு தொலைவில், குறைந்தது 43 கேலக்ஸிக் கொத்துகள் சேர்ந்த 'சரஸ்வதி' என்ற மாபெரும் கூட்டத்தைக் கண்டறிந்ததாக 2017-ல் புனே விஞ்ஞானிகள் தலைமையிலான குழு அறிவித்தது.

இன்று திண்டுக்கல்லில் எவ்வளவு தெரியும்?

ரோடு விளக்குகளின் வெளிச்சம் மேலே சிதறி வானத்தையே வெளுக்க வைக்கிறது. முதலில் காணாமல் போவது மங்கலான பொருட்கள்தான்: பால்வீதி, ஆண்ட்ரோமெடா, கொத்துகள். பெரிய மெகல்லன் மேகம் என்ற பக்கத்து கேலக்ஸி இங்கே தெற்கே அதிகபட்சம் 10 டிகிரிதான் ஏறும். அடிவானத் தூசியும் மதுரை திசை வெளிச்சமும் அதை எளிதில் மறைத்துவிடும்.

பார்க்க ஆசையா? அமாவாசையை ஒட்டிய இரவைத் தேர்வு செய்யுங்கள். ஊர் வெளிச்சம் முதுகுப் பக்கம் இருக்கும்படி, தெற்கு திறந்த இடமாகப் பாருங்கள். செல்போன் திரையை அணைத்துவிட்டு 20 நிமிடம் கண்ணை இருட்டுக்குப் பழக்குங்கள். ஒரு சாதாரண பைனாகுலர் இருந்தால் இன்னும் நல்லது. தெருவிளக்குக்கு மேல்பக்கம் மூடி போட்டு வெளிச்சத்தைத் தரைக்குத் திருப்பினால், ரோடும் பிரகாசமாகும், மேலே வானமும் மிஞ்சும்.