பழைய பொறியில் புதிய ஆட்டம்

புதிய ஆட்டம் பழைய பொறியில் ஓடுமா என்று வகுப்பு நண்பர்கள் கேட்பதுண்டு. அந்தப் பொறிக்கென்றே எழுதித் தந்தால் ஓடும்.

இராயபுரத்தில் எங்கள் தெருப் பையன்களிடம் இருந்தது, 2000-இல் ஜப்பானில் வெளிவந்த பிளேஸ்டேஷன் 2. ஃபிஃபா 14 என்னும் கால்பந்தாட்டம் 2013-இல் அதற்கும் வந்தது. அவ்வாண்டே பிறந்த பிளேஸ்டேஷன் 4-க்கும் வந்தது. பெயர் ஒன்று, உள்ளிருப்பது வேறு. புதியதன் ப்ளூ-ரே வட்டைப் பழைய பொறியால் படிக்கவே இயலாது. பழையதன் நினைவகமோ 32 மெகாபைட். புதியதில் 8 கிகாபைட், அதாவது 256 மடங்கு! ஆகவே பழைய ஆட்டத்தையே வைத்துக்கொண்டு, அணிகளையும் சட்டைகளையும் மட்டும் புதுப்பித்துத் தந்தார்கள்.

இதை ஏமாற்று என்பாரும் உளர். நான் ஒப்பமாட்டேன். புதுப் பொறிக்கு வழியில்லாத துறைமுகத் தொழிலாளியின் பிள்ளையும் அவ்வாண்டு அணியோடு அவ்வாண்டே ஆட முடிந்ததல்லவா? இத்தனைக்கும், சோனி அந்தப் பொறியைச் செய்வதையே அதற்குள் நிறுத்தியிருந்தது.