அடுப்பில் அழியாத அச்சு

பெட்டிக்கடையில் வாங்கும் சாதாரண பிஸ்கட் ஒன்றை எடுத்துப் பாருங்கள். கம்பெனியின் பெயர் எழுத்தெழுத்தாகத் தெரியும். ஓரத்தில் ஓடும் வளைவுக் கோடுகூட மழுங்கியிருக்காது. 200 டிகிரி செல்சியஸைத் தாண்டும் சூட்டுக்குள் போய்வந்த பொருள் அது. நாம் வீட்டில் அதே மைதா, சர்க்கரை, வெண்ணெய் கொண்டு மாவு பிசைந்து, ஆசையாக ஒரு பூ அச்சை அழுத்தி ஓவனில் வைத்தால், பூ இருந்த இடத்தில் ஒரு மங்கலான மேடுபள்ளம்தான் வெளியே வருகிறது. ருசியில் குறை இருக்காது. ஆனால் அழகுக்காகச் செய்யப் புகுந்தவருக்கு அது என்ன ஆறுதல்?

ஓவனுக்குள் போன மாவு முதலில் இளகும், பிறகு இறுகும். இந்த இரண்டுக்கும் நடுவே எவ்வளவு நேரம் கிடைக்கிறது என்பதைப் பொறுத்துத்தான் அச்சின் ஆயுள். இளகுவதைத் தொடங்கிவைப்பது வெண்ணெய். 32 முதல் 35 டிகிரிக்குள் அது முழுக்க உருகிவிடும். அதாவது ஓவன் கதவை மூடிய சற்று நேரத்திலேயே. அடுத்து சர்க்கரை. பிசையும்போது கரையாமல் கிடந்த படிகங்கள் சூடு ஏற ஏறக் கரைந்து பாகாகின்றன. நாம் ஒரு சொட்டுத் தண்ணீர் கூடுதலாக ஊற்றாமலேயே மாவில் திரவம் கூடிவிடுகிறது. மாவு தளர்ந்து பக்கவாட்டில் படர்கிறது.

இறுகுவதோ மெதுவாக நடக்கிறது. இட்லியிலும் பிரெட்டிலும் ஸ்டார்ச் துகள்கள் தண்ணீரைக் குடித்து ஊதி வெந்து உருவத்தைப் பிடித்துக்கொள்ளும். பிஸ்கட் மாவில் தண்ணீரே குறைவு. இருப்பதையும் சர்க்கரை பிடித்து வைத்துக்கொள்கிறது. அதனால் ஸ்டார்ச்சின் பெரும்பகுதி கடைசிவரை வேகாமலே இருந்துவிடுகிறது. அப்படியானால் பிஸ்கட்டை இறுக்குவது எது? 1980-களில் அமெரிக்காவில் லூயிஸ் ஸ்லேடு, ஹாரி லெவின் என்ற இரு ஆய்வாளர்கள், பாலிமர்களுக்குப் போடும் கணக்கைத் தின்பண்டத்துக்கும் போட்டுப் பார்த்தார்கள். சர்க்கரைப் பாகும், கோதுமையின் குளூட்டன் புரதமும் எந்தச் சூட்டில் ரப்பர் போல் இழுபடும், எந்த ஈரத்தில் கண்ணாடி போல் உறையும் என்று பார்ப்பதுதான் அந்த அணுகுமுறை. ஆறிய பிஸ்கட் மொறுமொறுப்பாக உடைவதற்குக் காரணம், அதற்குள் இருக்கும் சர்க்கரைப் பாகு படிகமாகாமல் கண்ணாடி நிலையில் உறைந்திருப்பது. காற்றின் ஈரம் உள்ளே புகுந்தால் அந்தக் கண்ணாடி மறுபடி இளகும். மழைநாளில் டப்பாவைத் திறந்து வைத்தால் பிஸ்கட் நமுத்துப்போவது இப்படித்தான்.

படரும்போது முதலில் பலியாவது நுணுக்கமான வேலைப்பாடு. பெயின்ட் தயாரிப்பவர்களுக்கு இது பழைய சங்கதி. சுவரில் தூரிகை விட்ட கோடுகள் தாமாகச் சமனாக வேண்டும் என்பது அவர்கள் கவலை. நம் கவலைக்கு நேர் எதிர். மெல்லிய பூச்சில், கோடுகளின் இடைவெளி பாதியானால் அவை மறைய ஆகும் நேரம் 16-ல் ஒரு பங்காகிவிடும் என்று திரவ இயக்கவியல் சொல்கிறது. பிஸ்கட் மாவு பெயின்ட் இல்லைதான், கெட்டியானது, தடிப்பானது. ஆனாலும் போக்கு ஒன்றே. மயிலிறகின் ஒவ்வொரு இழையும் செதுக்கிய அச்சை வாங்கினால் காசுக்கு நட்டம். ஆழமாக, அகலமாக, எட்டு இதழோடு நிற்கும் பூவே போதும்.

வங்காளத்துச் சந்தேஷுக்கு இந்தத் தொல்லை இல்லை. செதுக்கிய மர அச்சிலோ சுட்ட மண் அச்சிலோ அழுத்தி எடுத்தால் வேலை முடிந்தது. அது ஓவன் பக்கமே போவதில்லை. ஓவனுக்குள் அனுப்பியும் உருவத்தைக் காப்பாற்றியவர்களைப் பார்க்க வேண்டுமானால் ஜெர்மனியின் தென்மேற்கு மூலையான ஸ்வாபியாவுக்குப் போக வேண்டும்.

அங்கேயும், பக்கத்தில் சுவிட்சர்லாந்திலும், பிரான்ஸின் அல்சாஸிலும் கிறிஸ்துமஸ் காலத்தில் ஸ்பிரிங்கர்லே என்றொரு வெள்ளை பிஸ்கட் செய்கிறார்கள். குதிரைவீரன், ஆட்டுக்குட்டி, துணியில் சுற்றிய குழந்தை, சாரட்டு வண்டி என்று அதன் மேல் புடைப்புச் சிற்பமே இருக்கும். அச்சுகளைப் பேரி மரத்தில் செதுக்குவார்கள். நெருக்கமான, சீரான இழை கொண்ட மரம் என்பதால் உளி எந்தத் திசையில் போனாலும் பிசிறில்லாமல் வெட்டுப்படும். மாவும் துளைகளில் போய் ஒட்டாது. இவ்வகையில் அறியப்பட்ட மிகப் பழைய அச்சுகளில் ஒன்று, 14-ம் நூற்றாண்டைச் சேர்ந்தது, சூரிச்சில் சுவிஸ் தேசிய அருங்காட்சியகத்தில் இருக்கிறது. அதில் செதுக்கியிருப்பது ஈஸ்டர் ஆட்டுக்குட்டி. வில் என்ற ஊரின் கன்னிமடத்திலிருந்து வந்தது.

செய்முறை அதைவிடச் சுவையானது. 2 முட்டை, 250 கிராம் பொடித்த சர்க்கரை, 250 கிராம் மைதா, கொஞ்சம் அனிஸ் விதை. நம் சோம்பின் உறவுக்காரச் செடி அது. இரண்டின் மணத்துக்கும் அனெத்தோல் என்ற ஒரே வேதிப்பொருள்தான் காரணம், எனவே சோம்பே போதும். வெண்ணெய் துளியும் கிடையாது. முதலில் உருகிக் காரியத்தைக் கெடுக்கும் ஆளையே உள்ளே விடவில்லை. சர்க்கரையும் பொடித்தது, முட்டையோடு நெடுநேரம் அடிப்பதால் ஓவனுக்குப் போகும் முன்பே பெரும்பாலும் கரைந்துவிடுகிறது. மின்கருவி வருவதற்கு முன் இதைக் கையால் மணிக்கணக்காக அடித்திருக்கிறார்கள்.

அச்சழுத்தி வெட்டிய துண்டுகளை உடனே சுடுவதில்லை. ஒரு நாள் முழுக்க அறையில் காயவிடுகிறார்கள். பாயில் விரித்த வடகம் மேலே தோல் கட்டி உள்ளே ஈரமாக இருப்பதைப் போல, பிஸ்கட்டின் மேல்பக்கம் விறைத்துப்போகிறது. தட்டோடு ஒட்டிய அடிப்பக்கம் மட்டும் ஈரமாகவே இருக்கும். பிறகு 140, 150 டிகிரி மிதமான சூடு. உள்ளே காற்றும் நீராவியும் விரிகின்றன. மேல்தோல் விறைப்பாக இருப்பதால் அதை வளைக்க முடியவில்லை. ஆக, சிற்பத்தை அப்படியே தூக்கிக்கொண்டு அடிப்பக்கம் மட்டும் எழும்புகிறது. சுட்ட பிஸ்கட்டைப் பக்கவாட்டில் பார்த்தால் வெள்ளைச் சிற்பத்துக்குக் கீழே நுரை நுரையாக ஒரு பீடம் தெரியும். குட்டிப் பாதம் என்று அதைச் சொல்கிறார்கள். பாதம் வராத ஸ்பிரிங்கர்லேயை ஸ்வாபியப் பாட்டிமார் மதிக்க மாட்டார்கள். அடியும் சேர்ந்து காய்ந்துவிட்டால் பாதம் எழாது என்பதால், சுடுவதற்கு முன் ஈரத்துணியில் ஒருமுறை வைத்து எடுப்பவர்களும் உண்டு.

மாவை எழுப்பக் கத்தி முனையளவு ஒரு உப்பும் சேர்ப்பார்கள். அந்தக் காலத்தில் மான் கொம்பைச் சூட்டில் வாட்டி வடித்தெடுத்தது. இன்று தொழிற்சாலையில் செய்யும் அம்மோனியம் கார்பனேட். சமையல் சோடாவைச் சூடாக்கினால் வாயு போக ஒரு காரப்பொருள் மாவிலேயே தங்கும்; அது பிஸ்கட்டைச் சிவக்க வைக்கும், படரவும் வைக்கும். அம்மோனிய உப்போ அம்மோனியா, கரியமில வாயு, நீராவி என்று மூன்றாகப் பிரிந்து மிச்சமே இல்லாமல் வெளியேறிவிடும். மெல்லிய பிஸ்கட்டில் நாற்றமும் தங்காது. தடித்த கேக்கில் போட்டால் வீடே நாறும்; அந்த விஷப் பரீட்சை வேண்டாம். இதன் நெருங்கிய உறவான அம்மோனியம் பைகார்பனேட்டைத்தான் நம்மூர் பிஸ்கட் கம்பெனிகளும் போடுகின்றன. பாக்கெட்டின் பின்பக்கம் 503(ii) என்ற எண்ணைத் தேடிப் பாருங்கள். எழுத்து அழியாததற்கு அது மட்டுமே காரணம் இல்லை. அச்சு பிஸ்கட்டுக்கான ஆலை மாவு பிசைந்த மாவு போலவே இருக்காது, ஈரமணல் போல உதிரும். தண்ணீர் அவ்வளவு குறைவு. அதைச் செதுக்கிய உலோக உருளைக்குள் பலமாக அழுத்தி எடுக்கிறார்கள். அந்த அழுத்தம் நம் உள்ளங்கைக்கு வராது.

ஸ்பிரிங்கர்லேயைச் சென்னையில் செய்யலாமா? நான் பரிந்துரைக்க மாட்டேன். ஜெர்மனியின் குளிர்காலக் காற்றில் நீர் மிகக் குறைவு. அந்தக் காற்று வீட்டுக்குள் வந்து கணப்பில் சூடானதும் இன்னும் வறண்டுவிடுகிறது. மாவின் மேலுள்ள ஈரத்தை உறிஞ்சி எடுக்கிறது. மார்கழிச் சென்னையின் காற்றோ கடல் ஈரத்தைச் சுமந்து நிற்பது; ஒரு நாள் காயவைத்தாலும் தோல் கட்டுவது சந்தேகம். அதைவிட, பச்சை முட்டை சேர்ந்த மாவை நம் அறைச்சூட்டில் இரவு முழுக்கத் திறந்து வைப்பது எனக்கு உவப்பாயில்லை. எறும்புகளைப் பற்றித் தனியாகச் சொல்ல வேண்டியதில்லை. ஊட்டி, கொடைக்கானல்காரர்கள் பனிக்காலத்தில் வேண்டுமானால் முயன்று பார்க்கலாம்.

நம் வெக்கைக்கும் ஈரத்துக்கும் ஏற்ற யோசனை, அதே வெக்கையும் ஈரமும் உள்ள மலேசியா, சிங்கப்பூரில் இருக்கிறது. அங்குள்ள தமிழர்களுக்கு, சீனப் புத்தாண்டுக்குப் பக்கத்து வீட்டிலிருந்து வரும் குவே பங்கிட் நன்றாகத் தெரியும். மர அச்சில் தட்டி எடுத்த, வாயில் போட்டதும் கரையும் வெள்ளை பிஸ்கட். மரவள்ளி ஸ்டார்ச்சை ரம்பை இலையோடு வெறும் சட்டியில் நெடுநேரம் வறுத்து, ஈரத்தை விரட்டிவிட்டு, தேங்காய்ப்பால், முட்டை மஞ்சள் கரு, சர்க்கரை சேர்த்துப் பிசைவார்கள். ஸ்டார்ச்சில் குளூட்டன் கிடையாது. வறுபட்ட துகள்களுக்குத் தாகம் அதிகம். ஈரத்தையும் கொழுப்பையும் அவை இழுத்து வைத்துக்கொள்வதால் படர்வதற்கு ஆளில்லை. காயவைத்துத் தோல் கட்டும் வேலையை அவர்கள் சட்டியில் வறுத்தே முடித்துவிடுகிறார்கள். நோன்புப் பெருநாளுக்கு மலாய் வீடுகளில் பிழியும் செம்பெரிட் என்ற பூ பிஸ்கட்டிலும் இதே தந்திரம். அங்கே ஸ்டார்ச் கஸ்டர்ட் பவுடர் வடிவில் வருகிறது.

இந்த வழியில் வீட்டில் செய்ய எளிதான கணக்கு இது: உப்பில்லாத வெண்ணெய் 100 கிராம், பொடித்துச் சலித்த சர்க்கரை 40 கிராம், மைதா 80 கிராம், கார்ன்ஃப்ளார் 125 கிராம். முட்டை வேண்டாம், சோடா வேண்டாம். கார்ன்ஃப்ளார் என்பது வெள்ளை வெளேரென்ற ஸ்டார்ச். ரொட்டி தட்டும் மஞ்சள் மக்காச்சோள மாவைப் போட்டுவிடாதீர்கள். வீட்டில் கடைந்த வெண்ணெய் என்றால் குளிர்ந்த நீரில் பிசைந்து மோரை முழுக்கப் பிழிந்துவிடுங்கள். கடை வெண்ணெயிலேயே ஏறக்குறைய 16 சதவீதம் தண்ணீர். வீட்டு வெண்ணெயில் கூடுதலாக இருக்கும். அந்தத் தண்ணீர் குளூட்டனை இழுத்துவிட்டு, ஓவனில் ஆவியாகிப் பூவையும் வீங்க வைக்கும். நெய் போடலாமே என்று தோன்றும். நம் அறைச்சூட்டில் நெய் பாதி திரவம். அச்சு பிஸ்கட்டுக்கு அது ஆகாது.

வெண்ணெயையும் சர்க்கரையையும் மரக்கரண்டியால் குழைத்தால் போதும், நுரைக்க அடிக்க வேண்டாம். உள்ளே அடைபடும் காற்றும் சூட்டில் விரியும். மாவுகளைச் சேர்த்து, உருண்டை பிடிக்க வந்ததும் நிறுத்திவிடுங்கள். நெல்லிக்காய் அளவு உருட்டித் தட்டில் வைத்து அச்சை அழுத்தவும். கடையில் அச்சு தேட வேண்டியதில்லை: அடியில் நட்சத்திரம் வெட்டிய பழைய கண்ணாடி டம்ளர் அருமையான அச்சு. ஒவ்வொரு முறையும் அதைக் கார்ன்ஃப்ளாரில் தொட்டுக்கொள்ளுங்கள். சாயம் பட்ட துணி அச்சுக் கட்டை மட்டும் வேண்டாம்.

முறுக்கு உரலில் நட்சத்திர வில்லை போட்டும் பிழியலாம். ஐரோப்பாவின் ஸ்பிரிட்ஸ் பிஸ்கட் பிழியும் குழலும் அதே தத்துவம்தான். இந்தக் கலவை உரலுக்கு வறட்சி. இரண்டு டீஸ்பூன் பால் சேர்த்துத் தளர்த்துங்கள். மாவைக் குளிரவைத்தால் உரலில் இறங்காது, கைதான் வலிக்கும். தட்டுக்கு எண்ணெய் தடவாதீர்கள், தாளும் போடாதீர்கள். மாவு தட்டைப் பற்றிக்கொண்டால்தான் உரலிலிருந்து அறுபடும்.

அழுத்தியதோ பிழிந்ததோ, தட்டோடு ஃப்ரிட்ஜில் அரை மணி நேரம் வைத்துவிடுங்கள். சென்னை அறைச்சூட்டில் வெண்ணெய் ஏற்கெனவே உருகும் விளிம்பில் நிற்கிறது. 5 டிகிரியிலிருந்து தொடங்கினால், வெண்ணெய் இளகுவது தள்ளிப்போகும். அதற்குள் ஓரங்கள் உலர்ந்து இறுகத் தொடங்கிவிடும். ஓவன் 160 டிகிரிக்கு முழுதாகச் சூடான பிறகே தட்டை உள்ளே வைக்க வேண்டும். அரைகுறைச் சூட்டில் வைப்பது வெண்ணெய்க்கு அவகாசம் கொடுப்பதாகும். 15 முதல் 18 நிமிடம். மேலே நிறம் மாறக் கூடாது. அடி லேசாகப் பழுத்தால் எடுத்துவிடலாம். சூடாக இருக்கும்போது தொட்டால் பொடிந்துவிடும், தட்டிலேயே ஆறட்டும்.

முதலில் இரண்டே இரண்டை மட்டும் சுட்டுப் பாருங்கள். படர்ந்தால் மீதி மாவில் இரண்டு ஸ்பூன் கார்ன்ஃப்ளார் கூட்டுங்கள். ஓரம் வெடித்தால் ஒரு ஸ்பூன் வெண்ணெய்.