ஏடும் இடமும் – 11: ஒரு மலைக்கு எத்தனை நூல்கள்?

கவிதை படிப்பவர் அறிவியல் பக்கம் போவதில்லை. அறிவியல் படிப்பவர் தன்வரலாற்றைத் தொடுவதில்லை. சென்ற வாரம் இந்தப் பழக்கத்தைப் பற்றிப் பேசினோம். இதை மாற்ற விரும்புகிறவருக்கு வழக்கமாகக் கிடைக்கும் யோசனை, ஆண்டுக்கு வகைக்கு ஒரு புத்தகம் என்று கணக்கு வைத்துப் படிப்பது. அது நெடுநாள் நீடிக்காது என்பது என் கட்சி. எண்ணிக்கைக்காகச் சேர்த்த புத்தகங்களுக்குள் உறவு எதுவும் இருக்காது. ஒன்றை முடித்ததும் அடுத்ததை எடுக்கத் தூண்டும் கேள்வி மனத்தில் எழாது. அதற்குப் பதிலாக ஓர் இடத்தைப் பிடித்துக்கொண்டு, அதைப் பற்றி எழுதப்பட்டவற்றையும் அங்கிருந்து எழுதப்பட்டவற்றையும் தேடிப் போனால், கட்டுரையும் கவிதையும் நினைவுக்குறிப்பும் அறிவியலும் தாமாகவே வந்து சேரும். ஒரு வகை நூல் எதைக் காணத் தவறுகிறது என்பதை இன்னொரு வகை காட்டிக்கொடுக்கும் என்பதுதான் இதில் பெரிய ஆதாயம். இதற்குப் பழனி மலைத்தொடரை எடுத்துக்கொள்கிறேன். ஏரி, படகு, சாக்லேட் என்று பலரும் முடித்துவிடுகிற கொடைக்கானலுக்குப் பின்னால் ஈராயிரம் ஆண்டு எழுத்து இருக்கிறது.

முதலில் எந்த அலமாரியில் வைப்பது என்று நூலகரைத் திணறவைக்கும் ஒரு புத்தகம். கொடைக்கானல் சூரிய ஆய்வகம் 1899இல் தொடங்கியது. அங்கே பணியாற்றிய ஜான் எவர்ஷெட், சூரியப் புள்ளிகளில் வாயு மையத்திலிருந்து வெளிப்புறமாகப் பாய்வதை 1909இல் கண்டறிந்தார். அந்த நிகழ்வு இன்றும் அவர் பெயரால்தான் வழங்குகிறது. இயற்பியல் மாணவர்களுக்கு இது தெரியும். அதே மலையில் அவருடைய மனைவி மேரி எவர்ஷெட் செய்த வேலை அவ்வளவாகத் தெரியாது. அவரும் வானியலாளர், சூரியனின் விளிம்பில் எழும் தீச்சுவாலைகளை ஆராய்ந்து கட்டுரைகள் எழுதியவர். திருமணத்துக்கு முன் ஆஸ்திரேலியாவில் வாழ்ந்தபோது, தென்வானத்து விண்மீன்களை அடையாளம் காட்ட எளிய கையேடு இல்லாததைக் கண்டு தானே ஒன்றை எழுதினார். அதற்கும் முன்பு இத்தாலியின் ஃப்ளோரன்ஸில் தங்கியிருந்த காலத்தில் தாந்தேயின் கவிதை அவரைப் பிடித்துக்கொண்டது. இந்த இரண்டு ஈடுபாடுகளும் சேர்ந்து 1914இல் ‘தாந்தேயும் தொடக்ககால வானியலாளரும்’ என்ற பொருள்படும் தலைப்பில் ஆங்கில நூலாக வெளிவந்தன. அப்போது அவர் வாழ்ந்தது கொடைக்கானலில். கிரேக்கரிடமிருந்து அரபு அறிஞர் வழியாக ஐரோப்பாவுக்கு வந்த வானியல் எத்தகையது, அதைத் தாந்தே தம் காவியத்தில் எவ்வளவு கவனத்தோடு கையாண்டார் என்று அந்த நூல் விளக்குகிறது. பகலில் நிறமாலை பார்த்துப் பழகிய கண்ணுக்கு, கவிஞர் குறிப்பிடும் விண்மீன் வானத்தில் எந்த நேரத்தில் எங்கே நிற்கும் என்று கேட்பது இயல்பாக இருந்தது. தாந்தே உரைகாரர்களில் வானியலைத் தொழிலாகச் செய்தவர்கள் அரிது. வானியலாளர்களில் தாந்தேயில் மூழ்கியவர்கள் அதைவிட அரிது. இரண்டு அலமாரிகளுக்கும் இடையில் நின்றவர் என்பதால்தான் அவரால் இப்படி ஒன்றை எழுத முடிந்தது.

இனி மலையின் மிகப் பழைய எழுத்துக்கு வருவோம். பழனிக்குப் பொதினி என்ற பெயர் வழங்கிய காலத்தில் அந்த மலைநாட்டை ஆண்டவன் வையாவிக் கோப்பெரும் பேகன். மயிலுக்குப் போர்வை தந்த வள்ளல் என்று பள்ளிப் பாடம் நமக்குச் சொல்லித்தந்தது. அதோடு நின்றுவிட்டால் கிடைப்பது கொடைக்கு ஓர் உதாரணம் மட்டும். புறநானூற்றில் 141 முதல் 147 வரையுள்ள ஏழு பாடல்களையும் சேர்த்துப் படித்தால் வேறொரு பேகன் எழுந்து நிற்கிறான். மனைவி கண்ணகியைப் பிரிந்து இன்னொருத்தியிடம் வாழ்ந்தவன் அவன். பரணர், கபிலர், அரிசில் கிழார், பெருங்குன்றூர் கிழார் என்ற நான்கு புலவர்கள் அவளுக்காக அவனிடம் வாதாடுகிறார்கள். 145ஆம் பாட்டில் பரணர், மயில் குளிரால் நடுங்குமென்று இரங்கி ஆடை தந்தவனே என்று விளித்துவிட்டு, பசியால் நான் வரவில்லை, இன்றிரவே தேரேறிப் போய் அவள் துயரத்தைக் களைவதுதான் நான் கேட்கும் பரிசில் என்கிறார். பறவையின் குளிர் தெரிந்தவனுக்கு வீட்டிலிருப்பவளின் துன்பம் தெரியவில்லையே என்று நேரே கேட்காமல், புகழ்ச்சியை முன்னே வைத்தே கேட்டுவிடுகிறார். ஆட்சியாளனின் வீட்டு விவகாரத்தில் புலவர்கள் தலையிட்டதைச் சொல்லும் இந்தப் பாடல்களை அந்த மலையின் முதல் நினைவுக்குறிப்பு என்று சொல்லத் தோன்றுகிறது. கவிதை என்று ஒதுக்கி வைத்தவர் இழப்பது யாப்பை மட்டுமல்ல, ஒரு வரலாற்றையும்.

என் வாதத்துக்கு வலுவான சான்று புல்வெளிதான். பழனி மலையின் உச்சிப் பகுதி இயல்பில் முழுக்கக் காடு அல்ல. மடிப்புகளிலும் பள்ளங்களிலும் சோலை. திறந்த சரிவுகளில் புல்வெளி. வனத்துறையின் ஏடுகள் மரத்தையும் அதன் வருவாயையும் கணக்கிட்ட காலத்தில், மரமில்லாத சரிவு வெறும் நிலமாகத் தெரிந்தது. தோல் பதனிடத் தேவையான பட்டைக்காக வாட்டில், விறகுக்கும் கூழுக்கும் யூகலிப்டஸ், கூடவே பைன் என்று இருபதாம் நூற்றாண்டில் அந்தச் சரிவுகள் நிரப்பப்பட்டன. இன்று பயணிகள் நின்று படமெடுக்கும் பைன் காடு அப்படி நட்டதுதான். இந்தப் புல்வெளியை யாரும் எழுதாமல் விட்டுவிடவில்லை. சென்னை மாநிலக் கல்லூரியின் தாவரவியல் பேராசிரியர் ஃபைசன், நீலகிரி, பழனி மலையுச்சிகளின் பூக்களைப் பற்றிய தம் நூலை 1915 முதல் மூன்று பகுதிகளாக வெளியிட்டார். ஊட்டியிலும் கோத்தகிரியிலும் கொடைக்கானலிலும் நடந்து திரியும் சாதாரண மனிதர் கையில் கொண்டுபோக வேண்டும் என்பது அவர் எண்ணம். அவர் மனைவியும் பிறரும் வரைந்த கோட்டோவியங்கள் அதற்கு உதவின. பின்னர் செண்பகனூரிலும் திருச்சி ராபினட் உலர்தாவரகத்திலும் பணியாற்றிய கே.எம். மாத்யூ அடிகளார், 1999இல் பழனி மலைத் தாவரங்களை மூன்று தொகுதிகளில் விவரித்து முடித்தார். இந்த நூல்களில் புல்லும் புல்லிடைச் செடிகளும் பெயரோடும் முகவரியோடும் இருக்கின்றன. பன்னிரண்டு ஆண்டுக்கு ஒருமுறை பூக்கும் நீலக்குறிஞ்சியும் சோலையின் நிழலுக்குரியது அல்ல, புல்வெளியில் வளர்வது. 2006இலும் 2018இலும் அது பூத்தபோது ஊரே கிளம்பிப் போனது. மரம் நடாமல் மிஞ்சிய சரிவுகள்தாம் அந்த நீலத்தைத் தந்தவை. குறுந்தொகையின் மூன்றாம் பாடலில் தேவகுலத்தார் மலைச்சரிவு, கரிய தண்டுடைய குறிஞ்சி, அதன் பூவிலிருந்து எடுத்த தேன் மூன்றையும் ஒருசேர வைக்கிறார். கவிதை, தாவரவியல் இரண்டையும் அறிந்தவர் அந்தச் சரிவைத் தரிசு என்று எழுதியிருக்க முடியாது. வைகைக்கும் அமராவதிக்கும் நீர் அனுப்பும் ஒரு மலையின் மேல்தளத்தை மாற்றியமைத்த முடிவு, ஒரே வகை ஏட்டைப் படித்தவர்களால் எடுக்கப்பட்டது.

கவிதையைச் சான்றாகக் கொள்ளலாமா என்று இங்கே ஒருவர் கேட்பார். நியாயமான கேள்வி. மேற்குத் தொடர்ச்சி மலையில் குறிஞ்சியின் இனங்கள் பல. சங்கப் புலவர் எதைக் குறித்தார் என்பதை ஒரு பாட்டை வைத்து முடிவுகட்ட முடியாது. அதனால்தான் பி.எல். சாமி போன்றவர்களின் உழைப்பு வேண்டியிருக்கிறது. ‘சங்க இலக்கியத்தில் செடி கொடி விளக்கம்’ என்ற நூலில் அவர் புலவர் சொன்னதையும் தாவரவியலாளர் சொன்னதையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பொருத்திப் பார்க்கிறார். எங்கே கவனிக்க வேண்டும் என்பதைக் கவிதை சொல்கிறது. கவனித்தது சரியா என்பதை அறிவியல் சொல்கிறது. கபிலர் குறிஞ்சிப்பாட்டில் அடுக்கும் தொண்ணூற்றொன்பது பூக்களைத் தாவர நூலின் துணையோடு படிப்பவருக்கு, பட்டியலாகத் தோன்றியது நிலமாகத் தெரியத் தொடங்கும்.

மலையின் மனிதர்களைப் பற்றிய எழுத்திலும் இதே நிலைதான். இந்த மலையின் பழங்குடியினரான பளியர்களைப் பற்றி தாமென் என்ற சேசுசபைத் துறவி 1908இல் ஒரு மானிடவியல் இதழில் எழுதினார். அரை நூற்றாண்டுக்குப் பிறகு அமெரிக்க மானிடவியலாளர் பீட்டர் கார்ட்னர் பளியர்களிடையே ஆய்வு செய்தார். பிறர்மீது அதிகாரம் செலுத்தாமை, மோதலைத் தவிர்த்தல், ஒவ்வொருவரையும் சமமாக மதித்தல் ஆகியவற்றை அவர்கள் வாழ்வின் அடிப்படையாக அவருடைய ஆய்வுகள் விவரிக்கின்றன. அவர் தம் கள அனுபவங்களைத் தனியாக ஒரு நினைவுக்குறிப்பாகவும் எழுதி 2006இல் வெளியிட்டார். ஆய்வுக் கட்டுரை முடிவைத் தருகிறது. அந்த முடிவுக்கு வந்த மனிதர் யார், எப்படி வந்தார் என்பதை நினைவுக்குறிப்புதான் சொல்லும். இரண்டையும் படித்த பிறகே, எவ்வளவு தூரம் அவரை நம்பலாம் என்று வாசகர் தீர்மானிக்க முடியும். பளியர் ஒருவர் தம் வாழ்வைத் தாமே எழுதிய நூல் இந்த வரிசையில் இல்லாதது பெருங்குறை. அப்படி ஒன்று வரும்வரை மலையைப் பற்றிய நம் படிப்பு வெளியாரின் கண் வழியாகவே நடக்கிறது என்பதை மறக்கக் கூடாது.

இது நுனிப்புல் மேய்வதாகாதா, ஒரு துறையில் ஆழ்ந்து படிப்பது மேலல்லவா என்பது அடுத்த ஆட்சேபம். துறைபோகக் கற்பவர்களை நான் குறைத்துச் சொல்லவில்லை. மாத்யூ அடிகளாரின் மூன்று தொகுதிகள் ஒரு வாழ்நாள் ஆழத்தில் பிறந்தவை. ஆனால் வாசகர் துறைவல்லுநராக வேண்டியதில்லை. ஒரே நிலத்துக்குத் திரும்பத் திரும்ப வேறு வேறு நூல் வழியாகப் போகிறவர் மேலோட்டமாக மேய்கிறவர் அல்ல. மூன்றாவது நூலை எடுக்கும்போதே, முதல் நூல் விழுங்கிவிட்ட செய்தி எது என்று கேட்கும் திறன் அவருக்கு வந்துவிடுகிறது. அந்தத் திறனைத்தான் ஆழம் என்கிறேன்.

இவற்றில் பாதி ஆங்கிலம்தானே, சிற்றூரில் இருப்பவருக்கு எப்படிக் கிடைக்கும் என்ற ஆட்சேபம்தான் கனமானது. காப்புரிமைக் காலம் கடந்த ஃபைசனின் நூலும் மேரி எவர்ஷெட்டின் நூலும் இணையத்தில் இலவசமாகப் படிக்கக் கிடைக்கின்றன. மொழித்தடையை அது நீக்காது. தமிழிலேயே தொடங்க விரும்புகிறவருக்கு மா. கிருஷ்ணனின் கட்டுரைகள் ‘மழைக்காலமும் குயிலோசையும்’ என்ற தொகுப்பாக இருக்கின்றன. அதைத் தொகுத்த தியடோர் பாஸ்கரனின் ‘சோலை எனும் வாழிடம்’ இருக்கிறது. பறவையையும் மரத்தையும் துறைச்சொற்களின் சுமையில்லாமல், அதே சமயம் பிழையில்லாமல் தமிழில் சொல்ல முடியும் என்று காட்டியவர்கள் இவர்கள். புறநானூறு உரையோடு எந்த நூலகத்திலும் கிடைக்கும். நம் நூலகங்கள் இடத்தைக் கொண்டும் தேடும்படி அமைந்தால் மீதி வேலையும் எளிதாகும். சீர்காழியில் பிறந்த எஸ்.ஆர். ரங்கநாதன் வகுத்த கோலன் பகுப்புமுறையில், ஒரு நூலின் ஐந்து கூறுகளில் இடமும் ஒன்று. அந்தக் கூற்றை முன்னே எடுத்துவைத்து, திண்டுக்கல் மாவட்ட நூலகங்களில் ‘பழனி மலை’ என்று ஒரே ஒரு தட்டை ஒதுக்கலாம். கபிலரும் ஃபைசனும் எவர்ஷெட் தம்பதியும் பாஸ்கரனும் அதில் பக்கத்தில் பக்கத்தில் நிற்கட்டும். புதிதாக எதுவும் வாங்காமல், இருக்கும் நூல்களை இடம் மாற்றியே இந்த வேலையை நாளைக்கே தொடங்கலாம்.

(தொடரும்)