கீழ்வீட்டுக்கு ‘டும் டும்’ மட்டும் கேட்பது ஏன்?

மேல்வீட்டில் பாட்டு ஓடினால் வரிகள் எனக்குக் கேட்பதில்லை. ‘டும் டும்’ மட்டும் இறங்கி வரும். வீவக வீடுகளில் ‘பேஸ்’ எனும் இந்தத் தாழ்ந்த ஒலி அண்டைவீட்டாரிடையே மனக்கசப்பு உண்டாக்குவதுண்டு. 50 ஹெர்ட்ஸ் ஒலியின் ஓர் அலை கிட்டத்தட்ட 7 மீட்டர் நீளம். கீச்சொலியைச் சுவர் எளிதில் தடுத்துவிடும். பேஸ் வந்தாலோ சுவரும் தரையும் சேர்ந்து அதிரும்.

ஒலிபெருக்கிக்கும் இது சிரமமான வேலை. அதிர்வெண் பாதியானால், அதே அளவு சத்தம் தர அதன் கூம்பு நான்கு மடங்கு தூரம் அசைய வேண்டும். கைப்பேசிக்குள் அதற்கு இடமேது? அதில் உறுமி மேளம் கேட்டுப் பாருங்கள். தாளம் இருக்கும், நெஞ்சை அதிரவைக்கும் அடி இருக்காது.

அந்த அடிக்காகச் சப்வூஃபர் வாங்கும் நண்பர்கள் பலர் அதை அறை மூலையில் வைக்கிறார்கள். மூலையில் பேஸ் இன்னும் பெருகும். சற்று நகர்த்தி, அடியில் தடித்த ரப்பர் விரிப்பு போட்டால், தரைக்கு இறங்கும் அதிர்வு ஓரளவு குறையும். இரவு பத்து மணிக்கு மேல் நாங்கள் பேஸை மட்டும் குறைத்துவிடுவோம். பாட்டு எங்களுக்குத் தெளிவாகவே கேட்கிறது.