ஆர்க்கியா உயிர்களின் செல்சுவர்: ‘போலி’ என்னும் கலைச்சொல்லை முன்வைத்து

ஆய்வுச் சுருக்கம்

ஆர்க்கியா என்னும் நுண்ணுயிர்ப் பெரும்பிரிவின் செல்சுவர் அமைப்பையும் செயலையும் இக்கட்டுரை விளக்குகிறது. அச்சுவர்ப் பொருள்களுள் ஒன்றைக் குறிக்கும் ‘போலி மியூரின்’ என்ற சொல்லை எவ்வாறு பொருள்கொள்வது என்பதை இலக்கண மரபின் துணைகொண்டு ஆராய்கிறது.

திறவுச்சொற்கள்: ஆர்க்கியா, செல்சுவர், போலி மியூரின், எஸ்-அடுக்கு, அறிவியல் தமிழ்

முன்னுரை

பெ. தூரனை முதன்மையாசிரியராகக் கொண்டு தமிழ் வளர்ச்சிக் கழகம் சென்னையிலிருந்து வெளியிட்ட ‘கலைக்களஞ்சியம்’ 1954இல் தொடங்கி 1968இல் பத்துத் தொகுதிகளாக நிறைவெய்தியது. அடுத்த பத்தாண்டுக்குள்ளேயே, 1977இல், கார்ல் ஊஸ், ஜார்ஜ் ஃபாக்ஸ் ஆகியோர் ரைபோசோம் ஆர்.என்.ஏ. ஒப்பீட்டின்வழி ஆர்க்கியா பாக்டீரியாவினின்றும் வேறானது எனக் காட்டினர். 1990இல் ஊஸ், கேண்ட்லர், வீலிஸ் ஆகிய மூவர் உயிருலகை ஆர்க்கியா, பாக்டீரியா, யூகேரியா என முப்பெரும் பிரிவாக வகுத்தனர். எனவே இத்துறைக்கான தமிழ்ச் சொற்கள் பின்னர் ஆக்கப்பட வேண்டியனவாயின. அவ்வாறு ஆக்கப்பட்ட சொற்கள் மாணவர் மனத்தில் எத்தகைய பொருளைப் பதிக்கின்றன என்பது மொழித்துறையினரும் ஆராயத்தக்கதாகும்.

மியூரினும் போலி மியூரினும்

செல்லின் உள்ளிருந்து நீர் அழுத்தம் வெளிநோக்கித் தள்ளுகிறது. அதைத் தாங்கிச் செல்லின் வடிவத்தைக் காப்பது சுவரின் தலையாய பணி. பெரும்பாலான பாக்டீரியாவில் இப்பணியைச் செய்வது மியூரின். சர்க்கரைச் சங்கிலிகளும் அவற்றை இணைக்கும் சிறு பெப்டைடுகளும் சேர்ந்த வலை அது. ஆர்க்கியாவில் மியூரின் இல்லை.

காற்றில்லாச் சேற்றிலும், மாட்டின் இரைப்பையிலும், மனிதக் குடலிலும், கழிவுநீர்ச் செரிமானத் தொட்டிகளிலும் மீத்தேனை ஆக்கும் ஆர்க்கியா வாழ்கின்றன. சென்னைப் பெருங்குடி, நெசப்பாக்கம் கழிவுநீர் நிலையங்களில் மின்னாக்கத்திற்குப் பயன்படும் எரிவளி இத்தகைய உயிர்களின் விளைவே. இவற்றுள் மெத்தனோபாக்டீரியம் முதலிய சிலவற்றின் சுவர் போலி மியூரினால் ஆனது. மியூரினிலுள்ள மியூராமிக் அமிலத்தின் இடத்தில் இதில் டாலோசமினியூரானிக் அமிலம் நிற்கிறது. சர்க்கரைகளுக்கிடையிலான பிணைப்பு 1,4 என்பதற்கு மாறாக 1,3 என அமைகிறது. பெப்டைடுகளில் டி-வகை அமினோ அமிலங்கள் இடம்பெறுவதில்லை.

இம்மாற்றங்களின் விளைவு பெரிது. கண்ணீரிலும் உமிழ்நீரிலும் உள்ள லைசோசைம் என்னும் நொதி 1,4 பிணைப்பையே வெட்டும். ஆதலின் போலி மியூரினை அதனால் சிதைக்க இயலாது. பெனிசிலின் மியூரினின் பெப்டைடுகள் பிணைவதைத் தடுப்பது. அவ்வழி இங்கு இல்லாமையால் அம்மருந்தும் பயன்படாது.

உப்பால் நிலைபெறும் உறை

பெரும்பாலான ஆர்க்கியாவில் செல்லைச் சூழ்ந்திருப்பது எஸ்-அடுக்கு எனப்படும் புரதப் படலமாகும். ஒரே வகைப் புரத மூலக்கூறுகள் பாய்முடைந்தாற்போல ஒழுங்குற அடுக்கப்பட்டு, இடையே நுண்துளைகளுடன் இப்படலம் அமைகிறது.

சென்னைக்குத் தெற்கே கேளம்பாக்கம், கோவளம் பகுதிகளில் உள்ளவை போன்ற உப்பளங்கள் உப்புவிரும்பி ஆர்க்கியாவின் இயல்பான வாழிடம். பாத்தியில் உப்பு விளையும் நிலையில் நீர் செந்நிறம் கொள்வதற்கு இவற்றின் நிறமிகளும் ஒரு காரணம். இவ்வகையைச் சேர்ந்த ஹாலோபாக்டீரியத்தின் எஸ்-அடுக்குப் புரதத்தில் அமிலத்தன்மையுள்ள அமினோ அமிலங்கள் மிகுதி. அவற்றின் எதிர்மின்னூட்டங்கள் ஒன்றையொன்று விலக்க வேண்டும்; உவர்நீரின் நேர்மின் அயனிகள் அவ்விலக்கத்தைத் தணிக்கின்றன. நன்னீரில் இட்டால் உறை குலைந்து செல் வெடித்தழிகிறது. பிற உயிர்களை அழிக்கும் உப்பே இவ்வுயிரின் உறையைக் கட்டிக் காக்கிறது.

தெர்மோபிளாஸ்மாவிற்கோ சுவரே இல்லை. அதன் செல்சவ்வே வெப்பத்தையும் அமிலத்தையும் தாங்குகிறது.

‘போலி’ என்னும் சொல்

‘போலி மருந்து’ என்பது போன்ற இன்றைய வழக்குகளால், போலி மியூரினை மாணவர் தரங்குறைந்த நகல் எனக் கருத இடமுண்டு. ஆயின் இலக்கண மரபில் போலி அத்தகையதன்று. ‘அறம்’ என்பது ‘அறன்’ என வருவதுபோல, ஓரெழுத்தின் இடத்தில் மற்றோரெழுத்து நின்றும் பொருள் மாறாமையே போலி. நன்னூலார் இதனை எழுத்ததிகாரத்துள் விளக்குகிறார். ஒரு சர்க்கரையின் இடத்தில் மற்றொன்று நின்றும் சுவர் தன் பணியில் குன்றாமையால், இப்பொருளே இங்குப் பொருந்துவதாகும்.

எனினும் ஒப்புமைக்கு எல்லை உண்டு. அறன் என்பதை அறம் எனவே கொள்கிறோம். லைசோசைமோ அவ்வாறு கொள்வதில்லை. தாங்கும் பணியில் இரண்டும் ஒன்று. நொதிக்கும் மருந்துக்கும் அவை வேறு.

முடிவுரை

மேற்கூறியவற்றால் மூன்று கருத்துகள் பெறப்படுகின்றன. ‘போலி மியூரின்’ என்ற சொல்லை நீக்க வேண்டியதில்லை. இலக்கணப் பொருளில் விளக்கிப் பயன்படுத்துதல் வேண்டும். எஸ்-அடுக்கையும் உள்ளடக்கிய பொதுச்சொல்லாகச் ‘செல் உறை’ என்பதே ஏற்றது. ‘செல்சுவர்’ போலி மியூரின் போன்ற உறுதியான வலைகளுக்கு உரியது. ‘தொல்பாக்டீரியா’ என்னும் பெயர் 1990க்கு முந்திய வகைப்பாட்டைச் சார்ந்தது; பாடநூல்களில் அது தொடர்தல், இவ்வுயிர்கள் பாக்டீரியாவே என்ற பிழையை நிலைபெறச் செய்யும்.