ஆற்றங்கரை அடுக்களைகள் – 7: சந்தையிலேயே பாதிச் சமையல்

வியட்நாமின் ஹோய் ஆன் நகரில் சமையல் வகுப்பில் சேர நினைப்பவர்கள், சந்தைக்கு எத்தனை மணிக்கு அழைத்துப் போவார்கள் என்று முதலில் விசாரித்துக்கொள்வது நல்லது. பத்து மணி என்று பதில் வந்தால் வேறு இடம் பார்க்கலாம். இங்கே விடிவதற்கு முன்பே மீன் படகிலிருந்து இறங்கிவிடும். வெயில் ஏறுவதற்குள் உள்ளூர்க்காரர்கள் அன்றைய பாட்டுக்கு வேண்டியதை வாங்கிக்கொண்டு வீடு திரும்பிவிடுவார்கள். அதற்குப் பிறகு போனால் நல்ல சரக்கும் இருக்காது, நின்று பேசக் கடைக்காரர்களுக்குப் பொறுமையும் இருக்காது.

தூ போன் ஆறு கடலைச் சேரும் இடத்துக்குப் பக்கத்தில் இருக்கிறது இந்த ஊர். 16, 17-ஆம் நூற்றாண்டுகளில் ஜப்பானியரும் சீனரும் வீடு கட்டிக் குடியேறி வியாபாரம் செய்த துறைமுகம். ஆறு தூர்ந்துபோனதும் பெரிய கப்பல்கள் வடக்கே தா நாங் துறைமுகத்துக்குப் போய்விட்டன. வளர்ச்சி நின்றுபோன ஊரில் பழைய வீடுகள் இடிபடாமல் தப்பின. 1999-இல் யுனெஸ்கோ இதை உலகப் பாரம்பரியப் பட்டியலில் சேர்த்தது. 2025 ஜூலை முதல் இந்த ஊர் இருந்த குவாங் நாம் மாகாணமே தா நாங் நகரத்தோடு இணைக்கப்பட்டுவிட்டதால், கப்பல்கள் போய்ச் சேர்ந்த அதே நகரத்தின் நிர்வாகத்துக்குள் ஹோய் ஆனும் வந்துவிட்டது.

சந்தை, பழைய நகரத்தின் பெரிய தெருவுக்கும் ஆற்றுக்கும் நடுவில் இருக்கிறது. கூரைக்குள்ளே சாப்பாட்டுக் கடைகளும் மளிகையும், வெளியே தரையில் கீரை, காய், பழம், ஆற்றோரம் மீன். அக்டோபர், நவம்பர் மழையில் ஆறு பெருகினால் முதலில் தண்ணீர் புகும் இடங்களில் இதுவும் ஒன்று. தண்ணீர் வடிந்ததும் சேற்றைக் கழுவிவிட்டு மறுபடி கடை விரிக்கிறார்கள்.

எங்களுக்குச் சமையல் சொல்லித் தந்தவர் ஐம்பதைக் கடந்த பெண்மணி. அம்மாவின் கூடையைப் பிடித்துக்கொண்டு இதே சந்தைக்கு வந்து வளர்ந்தவர். நுழையும்போதே ஒரு விதி சொன்னார்: “விலை கேட்டால் வாங்குங்கள். வாங்கும் எண்ணம் இல்லையென்றால் இந்த நேரத்தில் கேட்காதீர்கள்.” முதல் போணி மீது வியட்நாம் வியாபாரிகளுக்கு இருக்கும் நம்பிக்கை, நம்மூர்க் கடைக்காரர்களுடையதற்குக் கொஞ்சமும் குறைந்ததில்லை. முதலில் வருபவர் பேரம் பேசிவிட்டு வெறுங்கையோடு போனால் அன்று முழுக்க வியாபாரம் மந்தமாகிவிடும் என்று நினைக்கிறார்கள். அப்படி நடந்துவிட்டால் ஒரு காகிதத் துண்டைக் கொளுத்திக் கடையைச் சுற்றிக் காட்டிக் கழிப்பவர்களும் உண்டு. படம் எடுக்கும் ஆசையில் வரும் பயணிகளுக்கு இது தெரிவதில்லை.

விற்பவரும் வாங்குபவரும் இங்கே உறவுமுறை சொல்லித்தான் பேசிக்கொள்கிறார்கள். கீரைக்காரம்மாவிடம் எங்கள் ஆசிரியை கேட்டதைத் தமிழில் இப்படித்தான் சொல்ல முடியும்: “அக்கா, இது எப்போ பறிச்சது?” “விடியக்காலைலதாம்மா. சந்தேகம்னா தண்டை ஒடிச்சுப் பாரு.” ஒடித்துப் பார்த்தார். இலையைக் கசக்கி முகர்ந்தார். பிறகு எங்கள் உள்ளங்கையிலும் ஒவ்வோர் இலையாகக் கசக்கி வைத்தார். வகுப்பு உண்மையில் அந்த இடத்தில்தான் தொடங்கியது.

ஒருபுறம் பச்சை, மறுபுறம் ஊதா நிறத்தில் இருப்பது தீயா தோ. எலுமிச்சை வாசம் அடிப்பது கின் ஸோய். மிளகுபோல் நாக்கில் காரமேறும் ஒல்லி இலை ராவ் ராம். கோழிக்கறியைப் பிய்த்துப் போடும் சாலட்டுக்கு அது இல்லாமல் முடியாது. இதய வடிவத்தில் இருக்கும் ஜியெப் கா இலையைக் கசக்கினால் பச்சை மீன் வாடை அடிக்கும். வியட்நாமியரிலேயே அதைத் தொடாதவர்கள் இருக்கிறார்கள். வெற்றிலைக் குடும்பத்து லா லோட் இலை மாட்டிறைச்சியைச் சுருட்டித் தணலில் வாட்டுவதற்கு. வயல் ஈரத்தில் வளரும் ங்கோ ஓம் புளிக்குழம்புக்கு. எந்த இலை எதனோடு சேரும் என்பதில் இவர்கள் கறார். தப்பான இலையை எடுத்தால் கீரைக்காரம்மாவே, “என்ன சமைக்கப் போற?” என்று கேட்டுவிட்டு வேறு கட்டை எடுத்து நீட்டுகிறார். பச்சை இலைக்கு இவ்வளவு பெரிய இடம் கொடுக்கும் சமையலை நான் வேறெங்கும் பார்த்ததில்லை. இங்கே அது தூவும் பொருளில்லை. தட்டு நிறையத் தனியாக வந்து உட்காருகிறது.

ஒரு மூலையில் வாழைப்பூ மலைபோல் குவிந்திருந்தது. ஒருவர் அதைச் சீவிச் சீவி, கறுக்காமல் இருக்க எலுமிச்சை பிழிந்த தண்ணீரில் போட்டுக்கொண்டிருந்தார். நாம் மடலை உரித்து எறிந்துவிட்டு உள்ளே இருக்கும் பூவை எடுத்துக் கள்ளன் நீக்கிச் சமைக்கிறோம். இவர்கள் பெரும்பாலும் பூவை ஒதுக்கிவிட்டு உள்மடலை மெல்லிய இழையாகச் சீவிப் பச்சையாகவே தின்கிறார்கள். ஒரே பூவில் இரண்டு நாட்டுச் சமையலும் ஒன்று வேண்டாம் என்று ஒதுக்கியதை மற்றொன்று எடுத்துக்கொள்கிறது. வெளிமடல்களை மட்டும் கழித்துவிட்டு மிச்சம் முழுவதையும் பயன்படுத்தலாமே என்று அன்றிலிருந்து எனக்குத் தோன்றிக்கொண்டே இருக்கிறது.

அடுத்த கடையில் வள்ளைக்கீரைத் தண்டுகள். நடுவில் கம்பியும் சுற்றிலும் சிறு கத்திகளும் வைத்த ஒரு கருவியில் தண்டைச் செருகித் தள்ளுகிறார்கள். தண்டு நீளவாக்கில் பல இழைகளாகப் பிளந்து வருகிறது. தண்ணீரில் போட்டதும் சுருண்டுகொள்கிறது. வீட்டில் செய்தால் அரைமணி ஆகும் வேலையைச் சந்தையே செய்து கொடுத்துவிடுகிறது. தேங்காய் துருவுவது, மீனைச் செதில் நீக்கி அறுத்துத் தருவது எல்லாமே இங்கேயே நடக்கிறது. வியட்நாம் வீட்டு அடுக்களை சிறியதாக இருந்தும் சமாளிப்பதற்கு இதுவும் ஒரு காரணம் என்று நினைக்கிறேன்.

இலைகளில் பல ட்ரா குவே கிராமத்திலிருந்து வருகின்றன. ஊரிலிருந்து சைக்கிளில் போய்விடும் தூரம். மணற்பாங்கான நிலம், பக்கத்து நீர்நிலைகளிலிருந்து பாசியை வாரி வந்து பாத்தியில் புதைத்து உரமாக்குவது தலைமுறை வழக்கம். தோளில் காவடித்தண்டு, இரு பக்கமும் பூவாளி, நடந்துகொண்டே இரண்டு பாத்திக்கும் தண்ணீர் தெளிக்கிறார்கள். ஐ.நா. சுற்றுலா அமைப்பு 2024-இல் சிறந்த சுற்றுலாக் கிராமங்களில் ஒன்றாக இதைத் தேர்ந்தெடுத்தது. இலை சிறியதாகவும் வாசம் கூடுதலாகவும் இருப்பதால் ஹோய் ஆன்காரர்கள் ட்ரா குவே கீரை என்று பெயர் சொல்லிக் கேட்டு வாங்குகிறார்கள்.

மளிகைப் பகுதியில் நுவோக் மாம் என்ற மீன்சாறு. இதன் வாடை பட்டதுமே பலர் பின்வாங்குகிறார்கள். செய்முறையை அறிந்தால் மரியாதை வரும். நெத்திலி மூன்று பங்கு, உப்பு ஒரு பங்கு. பெரிய மரத்தொட்டியில் அடுக்கி ஏறக்குறைய ஓராண்டு அப்படியே விட்டுவிட வேண்டும். மீனின் சொந்த நொதிகளே சதையைக் கரைத்துவிடும். உப்பு கெடாமல் காக்கும். தொட்டியின் அடியில் முதலில் வடிகிற செம்பழுப்புச் சாறுதான் உயர்ந்த ரகம். பு குவோக் தீவுச் சாறு பேர்பெற்றது. 2012-இல் ஐரோப்பிய ஒன்றியம் அந்தப் பெயருக்குப் புவிசார் பாதுகாப்பு அளித்தது. தா நாங் பக்கத்திலேயே நாம் ஓ என்ற கடற்கரைக் கிராமமும் இதற்குப் பெயர் வாங்கியது. பாட்டிலில் 30, 40 என்று ‘டிகிரி’ போட்டிருக்கும். அது ஒரு லிட்டரில் எத்தனை கிராம் நைட்ரஜன் என்ற கணக்கு. புரதம் எவ்வளவு கரைந்திருக்கிறது என்பதற்கு அடையாளம். எண் கூடினால் விலையும் கூடும். “தொட்டுக்கொள்ளக் கூடிய எண், குழம்பில் ஊற்றக் குறைந்த எண்” என்றார் ஆசிரியை. மீனும் உப்பும் மட்டும் எழுதியிருக்கும் பாட்டிலாகப் பார்த்து எடுக்கச் சொன்னார்.

அடுக்களைக்கு வந்த பிறகு வேலை அதிகமில்லை. அரிசித்தாளில் இறால், சேமியா, இலை வைத்துச் சுருட்டுவது எளிது. தாளைத் தண்ணீரில் ஊற வைக்கக் கூடாது, ஈரக்கையால் தடவினால் போதும், சுருட்டி முடிப்பதற்குள் அதுவே இளகிவிடும். இதை மட்டும் தெரிந்துகொண்டால் மிச்சம் கைப்பழக்கம்.

நேரம் பிடித்தது நுவோக் சாம் என்ற தொட்டுக்கொள்ளும் சாறு. மீன்சாறு, சர்க்கரை, எலுமிச்சைச் சாறு மூன்றும் ஒவ்வொரு பங்கு, வெதுவெதுப்பான தண்ணீர் மூன்று, நான்கு பங்கு என்று ஆரம்பிக்கலாம். சர்க்கரை கரைந்து, புளிப்பும் உப்பும் சரியான பிறகு கடைசியில் நறுக்கிய பூண்டையும் மிளகாயையும் போட்டால் அவை மேலே மிதக்கும். அளவுகோல் அதோடு சரி. எலுமிச்சை ஒவ்வொன்றும் ஒவ்வொரு புளிப்பு, மீன்சாறு ஒவ்வொன்றும் ஒவ்வோர் உப்பு. ஆசிரியை எங்கள் கிண்ணங்களை ஒவ்வொன்றாகச் சுவைத்து, “இன்னும் சர்க்கரை”, “இதில் தண்ணீர்” என்று சொல்லிக்கொண்டே போனார். எதையும் தன் கையால் திருத்தித் தரவில்லை. தெற்கே சைகோன் பக்கம் இனிப்பு தூக்கலாக இருக்கும், இளநீர்கூடச் சேர்ப்பார்கள். நடுவியட்நாமில் உப்பும் காரமும் கூடுதல். ஒரு நாட்டின் வரைபடமே இந்தச் சின்னக் கிண்ணத்தில் தெரிகிறது.

பிறகு பான் ஸேவோ. ஊறவைத்து அரைத்த அரிசிமாவு, மஞ்சள்தூள், கொதிக்கும் எண்ணெய். மேலே இறால், பன்றி இறைச்சி, முளைகட்டிய பயறு. மாவைப் புளிக்க விடுவதில்லை என்பதால் ஓரம் அப்பளம்போல் நொறுங்கும். சுடச்சுட எடுத்து, அரிசித்தாளில் இலைகளோடு சுருட்டி, கடலையும் சோயாவும் அரைத்த கெட்டிச் சாற்றில் தோய்த்துத் தின்ன வேண்டும். உள்ளே வைக்க இரண்டு துண்டுகள் கண்டிப்பாகத் தருகிறார்கள்: புளிப்புக்கு நட்சத்திரப்பழம், துவர்ப்புக்குத் தோலோடு சீவிய பச்சை வாழைக்காய். எண்ணெய்ப் பலகாரத்தின் திகட்டலை அந்தத் துவர்ப்பு வெட்டிவிடுகிறது. அறுசுவையில் ஒன்றாகத் துவர்ப்பைச் சேர்த்து வைத்த நமக்கு இன்றைய சாப்பாட்டில் அது எங்கே போனது?

இங்கே சமைத்தவர் சமையலை முடிப்பதில்லை. எவ்வளவு இலை, எந்த இலை, சாற்றில் எவ்வளவு நேரம் தோய்ப்பது என்பதெல்லாம் தின்பவர் கையில். ஆகவே பொருள் பொய் சொல்ல முடியாது. வாடிய இலையையும் பழைய இறாலையும் மூடி மறைக்க மசாலா இல்லை. சந்தையில் சரியாக வாங்கத் தெரியாதவரால் இந்தச் சமையலைச் செய்ய முடியாது. பல வகுப்புகளில் பயணிகளை வேகமாகச் சந்தையைச் சுற்றிக் காட்டிவிட்டு, ஏற்கெனவே நறுக்கித் தட்டில் அடுக்கிவைத்த பொருள்களை வேறோர் இடத்தில் சமைக்க வைக்கிறார்கள். அதற்குப் பணம் கட்டுவது வீண். வாங்கிய கூடையே அடுப்பங்கரைக்கு வருமா என்று கேட்டுச் சேருங்கள். கூட்டம் பத்துப் பேருக்குள் இருப்பதும் அவசியம். சந்தையின் சந்துகளில் இருபது பேர் நின்றால் அன்றாடம் வாங்க வருபவர்களுக்கு வழி அடைபடுகிறது.

சைவர்கள் தயங்க வேண்டாம். சந்திர மாதத்தின் முதல் நாளும் பதினைந்தாம் நாளும், அதாவது அமாவாசை, பௌர்ணமியை ஒட்டி, பௌத்தர்கள் பலர் சைவம் உண்கிறார்கள். அந்த நாள்களில் சந்தையில் தோஃபுவும் காளானும் நிறைய வருகின்றன. ‘சாய்’ என்று சொன்னால் போதும், சைவம் என்று புரிந்துகொள்வார்கள். மற்ற நாள்களில் மட்டும் கவனம் தேவை: வெறும் கீரை வதக்கலிலும் மீன்சாறு இருக்கலாம். வகுப்பில் முன்கூட்டியே சொன்னால் சோயாச் சாற்றில் அதே கிண்ணத்தைச் செய்ய வைப்பார்கள்.

ஹோய் ஆனின் பேர்பெற்ற பதார்த்தமான காவ் லாவை மட்டும் வகுப்பில் முழுதாகச் சொல்லித் தருவதில்லை. பன்றி இறைச்சித் துண்டுகளும் ட்ரா குவே இலைகளும் வைத்துத் தரும் தடித்த, மென்று தின்ன வேண்டிய இறுக்கமான நூடுல்ஸ் அது. கடலுக்குள் இருக்கும் சாம் தீவுகளின் விறகுச் சாம்பலைக் கரைத்துத் தெளிய வைத்த காரநீரில் அரிசியை ஊறவைப்பதால் அதன் நிறமும் இறுக்கமும் வருகின்றன. தண்ணீர் பா லே கிணற்றினுடையதாக இருக்க வேண்டும் என்பது ஊர்க்காரர்களின் பிடிவாதம். இதைச் செய்யத் தெரிந்த குடும்பங்கள் மிகச் சில. வகுப்பில் நூடுல்ஸை அவர்களிடமிருந்து வாங்கி வந்து, மேலே போடுவதை மட்டும் சொல்லித் தருகிறார்கள்.

குறுகிய சந்து ஒன்றுக்குள் இருக்கும் அந்தச் சதுரக் கிணற்றை, இங்கே வியட்நாமியர் வருவதற்கு முன் ஆண்ட சாம் மக்கள் தோண்டியது என்கிறார்கள். அவர்களுடைய சிவன் கோயில்கள் இங்கிருந்து மேற்கே, மீ சோன் பள்ளத்தாக்கில் இருக்கின்றன. அடுத்த வாரம் அங்கே போகலாம்.