கவுன்ட் இறங்கிய வாரத்தில் காய்ச்சல்

கீமோ போட்டுக்கொண்டு வீடு திரும்பியவருக்கு எட்டாம் நாளோ பத்தாம் நாளோ ராத்திரியில் உடம்பு சுடுகிறது. நெற்றியைத் தொட்டுப் பார்ப்பார்கள். ஒரு பாரசிட்டமால் கொடுத்து, "காலையில பார்த்துக்கலாம், படுங்க" என்பார்கள். மற்றவர்களுக்கு வரும் காய்ச்சலில் இதைக் குறை சொல்வதற்கில்லை. கீமோ எடுப்பவருக்கு இந்தப் பழக்கமே எமனாகலாம்.

கீமோ மருந்து, வேகமாகப் பெருகும் செல்கள் எல்லாவற்றையும் தாக்கும். எலும்பு மஜ்ஜையும் தப்பாது. பல மருந்துகளில் 7 முதல் 14 நாட்களுக்குள் வெள்ளையணுக்கள் அடிமட்டத்துக்குப் போகும். "கவுன்ட் இறங்கிடுச்சு" என்று வார்டில் சொல்வது இதைத்தான். கிருமிகளை முதலில் எதிர்கொள்ளும் நியூட்ரோஃபில் என்ற வெள்ளையணுதான் இதில் முக்கியம். அந்த எண்ணிக்கை குறையக் குறைய, குறைவு நீடிக்க நீடிக்க, தொற்று அதிகரிக்கிறது என்பதை 1966-இல் அமெரிக்காவில் ஜெரால்டு போடியும் சகாக்களும் ரத்தப் புற்றுநோயாளிகளிடம் காட்டினார்கள். மைக்ரோலிட்டருக்கு 500-க்குக் கீழே என்றால் கடுமையான குறைவு. 100-க்குக் கீழே போனால் இன்னும் மோசம்.

சீழ் என்பது பெரும்பாலும் செத்த நியூட்ரோஃபில்கள்தான். அவையே இல்லாதவருக்குச் சீழ் எங்கிருந்து வரும்? புண் அதிகம் சிவக்காது, வீங்காது. நுரையீரலில் நிமோனியா இருந்தும் எக்ஸ்ரே சுத்தமாகத் தெரியலாம். பல சமயம் மிஞ்சுவது காய்ச்சல் என்ற ஒரே அடையாளம். பாரசிட்டமால் மாத்திரை அதையும் மறைத்துவிடுகிறது. ஸ்டீராய்டு எடுப்பவர்களுக்கும் வயதானவர்களுக்கும் காய்ச்சலே வராமல் குளிர் நடுக்கமோ, தலைசுற்றலோ, குழப்பமான பேச்சோ மட்டும் வரலாம்.

பார்க்க வந்த உறவினர்தான் கிருமியைக் கொண்டுவந்தார் என்று பழி போடுவது வழக்கம். பாவம் அவர்கள்! பல நேரங்களில் கிருமி நோயாளியின் குடலிலேயே இருந்தது. கீமோவில் வாயும் குடலும் உள்ளே புண்ணாக, ஈ.கோலை, கிளெப்சியெல்லா போன்றவை அந்த வழியாக ரத்தத்தில் கலக்கின்றன. ஆசனவாயில் வைக்கும் காய்ச்சல் மருந்தும் எனிமாவும் இந்த நாட்களில் கூடாது என்பது இதனால்தான்.

ஒருமுறை 101 டிகிரி காட்டினாலோ, 100.4 ஒரு மணி நேரம் நீடித்தாலோ அது அவசரம். கேஷுவால்டியில் முதலில் சொல்ல வேண்டியது, "கீமோ போட்டு இத்தனை நாளாகிறது" என்பதை. ரத்தத்தைக் கல்ச்சருக்கு எடுத்துவிட்டு, முடிவுக்குக் காத்திராமல், வந்த ஒரு மணி நேரத்துக்குள் ஆன்டிபயாடிக் ஏற்றத் தொடங்க வேண்டும். கிருமியின் பெயர் தெரியும்வரை காத்திருக்காமல் மருந்து கொடுக்கும் இந்த முறைக்கு 1971-இல் மருத்துவர் ஷிம்ப்ஃபும் சகாக்களும் வெளியிட்ட ஆய்வு வழி திறந்தது.

காய்ச்சல் வந்த எல்லோரையும் ஆஸ்பத்திரியில் சேர்க்க வேண்டுமா? 2000-ஆம் ஆண்டு வெளியான 'மாஸ்க்' (MASCC) என்ற ஆபத்து மதிப்பெண் இதற்கு உதவுகிறது. ரத்த அழுத்தம், நீரிழப்பு, நாள்பட்ட நுரையீரல் நோய், வயது, நோயாளி எவ்வளவு துவண்டிருக்கிறார் என்பதையெல்லாம் பார்த்து, நிலை நன்றாக இருந்தால் கூடுதல் மதிப்பெண் தருவார்கள்; அதிகபட்சம் 26. 21 அல்லது அதற்கு மேல் என்றால் ஆபத்து குறைவு. தேர்ந்தெடுத்த சிலரை மாத்திரையோடு வீட்டுக்கு அனுப்பலாம். ஆனால் இது மருத்துவர் நேரில் பார்த்துப் போடும் கணக்கு. வீட்டில் கூடவே ஆள் இருக்கிறாரா, நள்ளிரவில் ஆஸ்பத்திரிக்கு வர வண்டி கிடைக்குமா என்பதை எந்த மதிப்பெண்ணும் கேட்பதில்லை. மலையடிவாரக் கிராமத்துக்காரருக்கு 24 வந்தாலும் ஒரு நாள் வைத்துப் பார்த்து அனுப்பும் மருத்துவரே விவரமானவர் என்பேன்.

ஒருமுறை இப்படிக் காய்ச்சல் வந்துவிட்டால் அடுத்த கீமோவிலும் வர வாய்ப்பு கூடுதல். அதனால் மருந்தின் அளவைக் குறைப்பதா, வெள்ளையணுவைத் தூண்டும் ஜி-சிஎஸ்எஃப் ஊசியைக் கீமோ முடிந்த மறுநாள் முதல் போடுவதா என்பதை, அடுத்த தேதி குறிப்பதற்கு முன்பே கேட்டுவிடலாம்.